பாலமுரளிகிருஷ்ணா: என் வகுப்பில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மாலை நேரத்தில் வீட்டில் பாட்டு சொல்லிக்கொடுக்கிறேன். சரளி வரிசை பாடும் பிள்ளைகள் முதல், வேலையிலிருந்து ஓய்வுபெற்ற பிறகு கற்க வந்த பெரியவர்கள் வரை பலர் வருகிறார்கள். வேறெந்தப் பாடகரைப் பற்றியும் கேட்காத அளவுக்கு இவர்கள் மங்களம்பள்ளி பாலமுரளிகிருஷ்ணாவைப் பற்றிக் கேட்கிறார்கள். ஒரு பையன் பழைய சினிமாப் பாட்டைக் கேட்டுவிட்டு வருவான். ஒரு அம்மா யூடியூபில் அவர் வயோலா வாசிப்பதைப் பார்த்துவிட்டு, "இவர் பாடகர்தானே சார்?" என்பார். தனித்தனியாக ஒவ்வொருவருக்கும் சொன்ன பதில்களை இங்கே ஒரே இடத்தில் எழுதி வைக்கிறேன்.

சுருக்கமாகச் சொல்லுங்கள், அவர் யார்?

கர்நாடக சங்கீதப் பாடகர். முதலில் அது, மற்றதெல்லாம் அதற்குப் பிறகு. 1930 ஜூலை 6 அன்று கோதாவரி பாயும் பகுதியில், சங்கரகுப்தம் என்ற ஊரில் பிறந்தார். அப்போது அது மதராஸ் மாகாணத்தில் இருந்தது. அப்பா பட்டாபிராமய்யா இசைக் கலைஞர். அம்மா சூர்யகாந்தம்மா வீணை வாசிப்பவர். பிள்ளை கைக்குழந்தையாக இருக்கும்போதே இறந்துவிட்டார். எட்டு வயதில் மேடை ஏறிய அந்தப் பிள்ளை, 2016 நவம்பர் 22 அன்று சென்னையில் 86 வயதில் காலமாகும் வரை இசையை விட்டு விலகவே இல்லை. நடுவில் வயலின், வயோலா, மிருதங்கம், கஞ்சிரா வாசித்தார். நானூறுக்கும் மேற்பட்ட உருப்படிகள் இயற்றினார். வானொலியில் வேலை பார்த்தார், இசைக் கல்லூரிக்கு முதல்வராக இருந்தார், சினிமாவில் பாடினார், இசையமைத்தார், நடித்தார்.

இப்படி அடுக்கினால் ஒரே ஆள் ஆறு ஏழு வேலை பார்த்தது போலத் தோன்றும். எனக்கு அப்படித் தோன்றவில்லை. ஸ்வரத்தோடு அவருக்கு இருந்த நெருக்கம் ஒன்றுதான், அது போன இடமெல்லாம் ஒரு துறையாகிவிட்டது. ஒவ்வொரு கேள்விக்கும் நான் இந்த எண்ணத்தோடுதான் பதில் சொல்கிறேன்.

பெயரில் "பால" எப்படி வந்தது?

பெற்றோர் வைத்த பெயர் முரளிகிருஷ்ணா. எட்டு வயதில் விஜயவாடாவில் தியாகராஜ ஆராதனையில் முழுக் கச்சேரி செய்தபோது, முசுனூரி சூர்யநாராயண மூர்த்தி பாகவதர் என்ற ஹரிகதை வித்வான் கேட்டு மகிழ்ந்து "பால" என்பதை முன்னால் சேர்த்தார். எண்பது வயதைத் தாண்டிய பிறகும் அந்தப் பெயர் அவருக்குப் பொருந்தித்தான் இருந்தது. மேடையில் ஒரு சங்கதி (பாட்டின் ஒரே வரியை மாற்றி மாற்றிப் பாடும் விதம்) நினைத்தபடி விழுந்துவிட்டால் பக்கவாத்தியக்காரரைப் பார்த்து அவர் சிரிக்கும் சிரிப்பை வீடியோவில் பாருங்கள்.

அவர் தெலுங்குக்காரர். தஞ்சாவூர் சங்கீத மரபுக்கும் அவருக்கும் என்ன தொடர்பு?

நேரடித் தொடர்பு. அவருடைய குரு பாருபள்ளி ராமகிருஷ்ணய்ய பந்துலு. பந்துலுவின் குரு சுசர்ல தட்சிணாமூர்த்தி சாஸ்திரி. அவருடைய குரு மானம்புச்சாவடி வெங்கடசுப்பய்யர். மானம்புச்சாவடியார் திருவையாற்றில் தியாகராஜரிடமே பாடம் கேட்டவர். ஆக, காவிரிக் கரையில் புறப்பட்ட ஒரு கிளை கிருஷ்ணா நதிக்கரையில் விஜயவாடா வரை போய் வேர்விட்டது. அங்கிருந்து பாலமுரளியின் வழியாகத் திரும்பவும் சென்னைக்கு வந்தது. தியாகராஜரிலிருந்து விரல் விட்டு எண்ணினால் ஐந்தாவது ஆள் இவர். "அவர் மரபை உடைத்தவர்" என்று யாராவது சொன்னால் நான் இந்த வரிசையைச் சொல்லிக் காட்டுவேன்.

72 மேளத்திலும் பாட்டு இயற்றினார் என்கிறார்கள். அதில் என்ன பெரிய விஷயம்?

மிகப் பெரிய விஷயம். கொஞ்சம் கணக்குச் சொன்னால் புரியும்.

ஏழு ஸ்வரத்தில் ஷட்ஜமும் பஞ்சமமும் அசையாது. ரிஷபமும் காந்தாரமும் சேர்ந்து ஆறு விதமாக அமையலாம். தைவதமும் நிஷாதமும் அதே போல ஆறு விதம். ஆறை ஆறால் பெருக்கினால் 36. மத்யமம் சுத்தம், பிரதி என்று இரண்டு வகை. ஆக 72 மேளகர்த்தா ராகங்கள், சுருக்கமாக மேளங்கள். மற்ற ராகங்களுக்குத் தாய் ராகங்கள் இவை. இதெல்லாம் முதல் வருடப் பாடத்திலேயே வந்துவிடும். கணக்காகத் தெரிந்துகொள்வது சுலபம்.

பாடுவதுதான் கடினம். 72-ல் 40 மேளங்கள் விவாதி மேளங்கள். பக்கத்துப் பக்கத்தில் உரசிக்கொண்டு நிற்கும் ஸ்வரங்கள் வருவதால், அவற்றைப் பாடினால் தோஷம் என்று பலர் ஒதுக்கியே வைத்திருந்தார்கள். கனகாங்கியை எடுத்துக்கொள்ளுங்கள். ச விட்டதும் சுத்த ரிஷபம், அதற்கு மிக நெருக்கமாகச் சுத்த காந்தாரம், அங்கிருந்து மத்யமத்துக்கு ஒரு தாவல். மேலேயும் இதே கதைதான். கார்வை கொடுத்து, அதாவது ஒரு ஸ்வரத்தை நீட்டி, நிற்க இடமே இருக்காது. அந்த இடத்திலும் ஒரு பல்லவி, அனுபல்லவி, சரணம் வைத்து, கேட்பவருக்குப் பாட்டாகத் தோன்ற வைக்க வேண்டும். பதினைந்து வயதுக்குள் இதை 72 முறையும் செய்து முடித்த பையனுக்கு, ஸ்வர ஸ்தானங்களில் போகாத தெருவே இல்லை என்று ஆகிவிடுகிறது.

அந்தக் கிருதிகள் "ஜனக ராக மஞ்சரி" என்ற பெயரில் புத்தகமாக வந்தன. பிறகு "ராகாங்க ராவளி" என்று ஒன்பது தொகுதிகளாக ஒலிப்பதிவாகவும் வெளிவந்தன. அவருக்கு முன்னால் கோடீஸ்வர ஐயர் 72 மேளங்களிலும் முருகன் மேல் தமிழில் கிருதிகள் இயற்றியிருக்கிறார். அந்த வழியிலும் நடந்து பார்க்க விரும்பும் மாணவர்களுக்கு இரண்டையும் பக்கத்தில் வைத்துக் கேட்கச் சொல்கிறேன். ஒரே மேளத்தை இரண்டு மனங்கள் எப்படிப் பார்த்தன என்பது அப்போது தெரியும்.

பாடகர் ஏன் வயலினும் வயோலாவும் மிருதங்கமும் வாசிக்க வேண்டும்?

வேண்டும் என்று கட்டாயம் இல்லை. அவருக்குக் கை வந்தது. தொண்டையில் தெரிந்த ஸ்வரத்தை விரலில் தேடிப் பிடித்தார். பிற வித்வான்களுக்குப் பக்கவாத்தியமாக வயலின் வாசித்திருக்கிறார். வயோலாவைக் கச்சேரி மேடைக்குக் கொண்டுவந்தவர்களில் அவர் முக்கியமானவர். வயோலா வயலினைவிடச் சற்றுப் பெரியது, ஒலி தாழ்ந்து கனமாக வரும். ஆண் குரலுக்கு அருகே நிற்கும் வாத்தியம் அது. அவர் வாசிக்கும்போது, அவரே இன்னொரு தொண்டையில் பாடுவது போல இருக்கும்.

இதனால் பாட்டுக்கு வந்த லாபத்தைச் சொல்கிறேன். வில்லை இழுத்துப் பழகியவருக்கு ஒலியைக் கூட்டிக் குறைக்கும் கணக்கு உடம்பில் ஏறிவிடும். அவர் குரல் சட்டென்று மெல்லியதாகி மறுபடி விரிவதைக் கேளுங்கள், வில் போய் வரும் போக்கு அதில் இருக்கிறது. கஞ்சிராவும் மிருதங்கமும் தெரிந்ததால் தாளத்தை எண்ணிக்கொண்டு பாட வேண்டிய தேவை அவருக்கு இல்லை. கணக்கு பின்னால் தானாக ஓடிக்கொண்டிருக்கும்.

ராகத்தை ஒருவர் "உருவாக்க" முடியுமா? மகதி சர்ச்சை என்றால் என்ன?

மகதி, லவங்கி, சுமுகம், சர்வஸ்ரீ, ஓங்காரி, கணபதி என்று பல ராகங்களை அவர் அறிமுகப்படுத்தினார். இவற்றில் ஸ்வரங்கள் மிகக் குறைவு. மகதியில் நான்கே ஸ்வரம்: ஷட்ஜம், அந்தர காந்தாரம், பஞ்சமம், கைசிகி நிஷாதம். லவங்கியிலும் நான்குதான்: ஷட்ஜம், சுத்த ரிஷபம், சுத்த மத்யமம், சுத்த தைவதம். சர்வஸ்ரீயில் ச, ம, ப என்று மூன்றே மூன்று.

ராகத்துக்கு ஐந்து ஸ்வரமாவது வேண்டும் என்பது பரவலான வழக்கம். அதனால்தான் எதிர்ப்பு வந்தது. வீணை எஸ். பாலசந்தர் பகிரங்கமாகவே எதிர்த்தார். பத்திரிகைகளில் இரண்டு பக்கமும் சூடாக எழுதிக்கொண்டார்கள். பாலசந்தர் பெரிய கலைஞர், அவர் கேட்டதில் நியாயமான ஒரு கேள்வி இருக்கிறது. ஸ்வரங்களைக் கூட்டிக் குறைத்தால் ஆயிரக்கணக்கில் வரிசைகள் கிடைக்கும், ஒவ்வொன்றையும் ராகம் என்று சொல்லிவிட முடியுமா?

முடியாது என்றுதான் நானும் சொல்வேன். வரிசை காகிதத்தில் இருக்கிற வரை அது வரிசை மட்டும். ஒருவர் அதைப் பாடி, அதற்கென்று ஒரு முகம் வந்து, இன்னொருவர் அதை அடையாளம் கண்டுகொண்டால்தான் ராகம். கதனகுதூகலத்தைப் பட்டணம் சுப்பிரமணிய ஐயர் உருவாக்கியதாகவே சொல்கிறோம், இன்று யாரும் அதை ராகம் இல்லை என்று சொல்வதில்லை. தியாகராஜரின் ஒற்றைக் கிருதியே முகவரியாக இருக்கும் ராகங்கள் எத்தனையோ. நான்கு ஸ்வரம் என்பதும் நம் ஊருக்குப் புதிதல்ல. ஏழு சுரம் கொண்டதைப் பண் என்றும், ஐந்து கொண்டதைத் திறம் என்றும் சொன்ன பழந்தமிழ் இசை, நான்கு கொண்டதற்குத் திறத்திறம் என்று ஒரு பெயர் வைத்திருக்கிறது.

மகதிக்கு முகம் இருக்கிறதா என்று வகுப்பில் நான் சோதித்துக் காட்டுவேன். தம்புரா சுருதியைப் போட்டுவிட்டு ச – க – ப – நி – ச என்று மெதுவாகப் பாடச் சொல்வேன். பிள்ளைகள் முதலில் படி தவறுவார்கள், காந்தாரத்திலிருந்து பஞ்சமத்துக்குப் போகும்போது மத்யமத்தில் கால் வைத்துவிடுவார்கள். நாலைந்து முறை பாடியதும் நிஷாதத்தில் வந்து நிற்பார்கள். மேலே ஷட்ஜத்துக்கு ஏறலாமா, கீழே பஞ்சமத்துக்கு இறங்கலாமா என்று ஒரு தவிப்பு அங்கே இருக்கிறது. அந்தத் தவிப்புதான் மகதி. கீபோர்டு வாசிக்கும் பிள்ளை இருந்தால் நான்கு கட்டையையும் சேர்த்து அழுத்தி, "இது செவன்த் கார்டு மாதிரி இருக்கே" என்பான். அவன் சொல்வதும் சரிதான். மேற்கத்திய இசையில் அந்த நான்கையும் சேர்த்து ஒலித்தால் அடுத்து எங்கோ போய்ச் சேர வேண்டும் என்று காது கேட்கும். பாலமுரளி அந்த ஏக்கத்தை ஒவ்வொரு ஸ்வரமாகப் பிரித்து நடக்க விட்டார்.

மகதி என்பது நாரதரின் வீணைக்குப் பெயர். "அபூர்வ ராகங்கள்" படத்துக்காக எம்.எஸ். விஸ்வநாதன் அந்த ராகத்தில் "அதிசய ராகம்" பாட்டை அமைத்தார், யேசுதாஸ் பாடினார், 1975-ல். சபாவுக்கே போகாதவர்களும் மகதியை முணுமுணுத்தார்கள். முகம் இல்லாத ராகத்துக்கு இது நடக்காது.

சினிமாவில் பாடியது அவர் சங்கீதத்துக்குக் குறைவில்லையா?

இந்தக் கேள்வியைப் பெரியவர்கள்தான் கேட்கிறார்கள். என் பதில்: இல்லை. பாட்டைப் போட்டுக் காட்டித்தான் பதில் சொல்வேன்.

1965-ல் வந்த "திருவிளையாடல்". பாண்டியன் சபைக்கு வந்து சவால் விடும் ஹேமநாத பாகவதராக டி.எஸ். பாலையா. அவருக்காகப் பாலமுரளி பாடியது "ஒரு நாள் போதுமா". கண்ணதாசன் எழுதி, கே.வி. மகாதேவன் இசையமைத்த ராகமாலிகை, பல ராகங்களைக் கோத்த பாட்டு. மாண்டு என்ற ராகத்தில் தொடங்கும். வார்த்தைக்குள்ளேயே ராகத்தின் பெயரை ஒளித்து வைத்திருக்கிறார் கவிஞர். "எழுந்தோடி" என்று வரும் இடத்தில் ராகம் தோடியாக மாறும். "தர்பாரில்" என்றால் தர்பார். "மோகன" என்றால் மோகனம். கடைசியில் "கானடா" என்று முடிப்பதற்குள் குரல் கானடாவுக்குள் இறங்கியிருக்கும்.

நான் மாணவர்களைக் கண்ணை மூடிக்கொண்டு அந்தத் தோடிக்கு மாறும் இடத்தை மட்டும் பத்து முறை கேட்கச் சொல்வேன். மாறுகிறேன் என்று அறிவிப்பு கிடையாது. ஒரு சொல்லின் நடுவில் கதவைத் திறந்து அடுத்த அறைக்குப் போய்விடுகிறார். சுத்த ரிஷபத்தையும் சாதாரண காந்தாரத்தையும் தொட்டு அசைத்ததுமே தோடி வந்து உட்கார்ந்துவிடும். கச்சேரியில் அரை மணி நேரம் ஆலாபனை செய்து காட்டும் ஒரு ராகத்தை ஒரு மூச்சில் காட்டுவது எளிதான வேலை இல்லை.

இன்னொன்றும் உண்டு. அது கர்வம் பிடித்த ஒருவன் பாடும் பாட்டு. கதையில் அவன் தோற்கப் போகிறவன். அந்தச் செருக்கைக் குரலில் காட்ட வேண்டும், ஆனால் வித்தை குறைந்துவிடக் கூடாது. ஏனென்றால் பாகவதர் உண்மையிலேயே பெரிய பாடகர், இல்லாவிட்டால் ஊர் நடுங்காது. பாலமுரளி அந்த ஒவ்வொரு பிருகாவையும் (வேகமாக உருளும் ஸ்வரக் கோவை) மீசையை முறுக்குவது போலப் பாடியிருக்கிறார்.

அடுத்து 1977-ல் "கவிக்குயில்" படத்துக்கு இளையராஜா இசையில் "சின்னக் கண்ணன் அழைக்கிறான்". ரீதிகௌளை ராகம். ஆரோகணத்தில், அதாவது ஸ்வரங்கள் ஏறும் வரிசையில், நேராக ஏறாமல் ச க ரி க ம என்று ஒரு படி ஏறி, ஒரு படி இறங்கி, மறுபடி ஏறும் ராகம் இது. என் வகுப்பில் எல்லோரும் தடுமாறுவது இங்கேதான். ஆரோகணத்தை மூடி வைத்துவிட்டு அந்தப் பல்லவியைப் பாடச் சொன்னால், ராகத்தின் வளைவு தானாகத் தொண்டைக்கு வந்துவிடும். அதே பாகவதரின் குரல்தான், ஆனால் இங்கே செருக்கு ஒரு துளி கிடையாது. "அழைக்கிறான்" என்பதில் வரும் ழகரத்தைத் தாய்மொழி தெலுங்கானவர் எவ்வளவு பரிவோடு சொல்லியிருக்கிறார் என்று கேளுங்கள்.

1964-ல் வந்த "கலைக்கோவில்" படத்தில் பி. சுசீலாவோடு பாடிய "தங்கரதம் வந்தது வீதியிலே" ஆபோகி ராகத்துக்கு நான் காட்டும் முதல் உதாரணம். "நூல் வேலி" படத்தின் "மௌனத்தில் விளையாடும் மனசாட்சியே" பாட்டை இரவில் விளக்கணைத்த பிறகு கேட்க வேண்டும்.

தேசிய விருதுகளும் இந்தப் பக்கம் வந்தன. ஜி.வி. ஐயர் இயக்கிய "ஹம்சகீதே" என்ற கன்னடப் படத்தில் பாடியதற்காகச் சிறந்த பின்னணிப் பாடகர் விருது. அதே ஐயர் இயக்கிய "மத்வாச்சார்யா" படத்துக்குச் சிறந்த இசையமைப்பாளர் விருது.

நடித்தும் இருக்கிறாரா?

ஆமாம். ஏவி.எம். தயாரித்து 1967-ல் வந்த "பக்த பிரகலாதா" என்ற தெலுங்குப் படத்தில் நாரதர் அவர்தான். எஸ்.வி. ரங்காராவ் இரணியகசிபு. கையில் வீணையோடு பாடிக்கொண்டே வரும் வேடத்துக்கு வேறு யாரைத் தேடுவார்கள்?

வானொலியில் என்ன செய்தார்?

தமிழ்நாட்டில் அதிகம் பேசப்படாத பகுதி இது, பேசப்பட வேண்டும். விஜயவாடா வானொலி நிலையத்தில் இருந்தபோது "பக்தி ரஞ்சனி" என்ற காலை நேர நிகழ்ச்சியை வளர்த்தார். பத்ராசல ராமதாசரின் கீர்த்தனைகளும் வேறு பல பக்திப் பாடல்களும் அதன் வழியே ஆந்திர வீடுகளில் காலைக் காப்பியோடு சேர்ந்துகொண்டன. ஆனந்தபைரவியில் "பலுகே பங்காரமாயெனா" பாட்டை இன்று தமிழ்ப் பிள்ளைகளும் பாடுகிறார்கள் என்றால், பெரும்பாலும் அவர் பாடிப் பரவிய பாட்டு அது. நம் கரூர் பக்கத்து நெரூரில் சமாதியான சதாசிவ பிரம்மேந்திரரின் பாடல்களையும் அவர் விரும்பிப் பாடினார். விஜயவாடாவில் அரசு இசைக் கல்லூரி தொடங்கியபோது அதன் முதல் முதல்வரும் அவரே.

தாளத்தில் புதிதாக என்ன செய்தார்?

தாளம் போடும்போது கையால் தட்டும் இடங்களில் சத்தம் வரும், வீச்சிலும் விரல் எண்ணுவதிலும் சத்தம் வராது. சத்தம் வரும் தட்டுகளுக்கு மட்டும் நடையை, அதாவது ஒரு தட்டு எத்தனையாகப் பிரிகிறது என்பதை, மாற்றினால் என்ன என்று யோசித்தார். ஒரே ஆவர்த்தனத்துக்குள் (தாளத்தின் ஒரு சுற்று) சில தட்டுகள் மூன்றாகவும் மற்றவை நான்காகவும் பிரியும். இதைத் திரிமுகி என்றார். ஐந்து, ஏழு, ஒன்பது என்று வந்தால் பஞ்சமுகி, சப்தமுகி, நவமுகி. அருணகிரிநாதரின் திருப்புகழ் சந்தத்தில் அளவுகள் இப்படி மாறி மாறி வருவதைப் படித்துப் பழகிய தமிழர்களுக்கு இது அந்நியமாகத் தோன்றாது. அந்தச் சந்தத்தில் இருக்கும் ஓட்டத்துக்குத் தாள அங்கத்தில் ஒரு இலக்கணம் அமைத்தார் என்று சொல்லலாம்.

இதைச் சொல்லிக் கொடுக்கும்போது வகுப்பில் கைகள் எல்லாம் குழம்பும். வாயால் தகிட, தகதிமி சொல்லாமல் கையை மட்டும் நம்பினால் யாருக்கும் வராது.

ஹிந்துஸ்தானி இசைக்காரர்களோடு பாடினாரா?

பீம்சேன் ஜோஷி, கிஷோரி அமோன்கர், ஹரிபிரசாத் சௌராசியா போன்றவர்களோடு ஜுகல்பந்தி (இரு கலைஞர்கள் சேர்ந்து செய்யும் கச்சேரி) செய்திருக்கிறார். பீம்சேனின் குரல் இடி மாதிரி. அதோடு மோதிப் பார்க்காமல் தன் மெல்லிய ஒலியோடு அதன் ஓரத்தில் நடந்து போவார், பிறகு மந்திர ஸ்தாயியில் இறங்கி வேறொரு கனத்தைக் காட்டுவார். தாகூரின் பாடல்களை வங்காளியிலேயே பாடியிருக்கிறார். 1988-ல் தூர்தர்ஷனில் வந்த "மிலே சுர் மேரா துமாரா" ஞாபகம் இருப்பவர்களுக்கு, "இசைந்தால் நம் இருவரின் சுரமும் நமதாகும்" என்ற தமிழ்ப் பகுதியைப் பாடிய குரல் இவருடையதுதான் என்று சொன்னால் போதும்.

குரலை வைத்து வேடிக்கை காட்டுகிறார், தன் பாட்டையே அதிகம் பாடுகிறார் என்கிறார்களே?

இரண்டும் பழைய குற்றச்சாட்டுகள். இரண்டுக்கும் முழுதாக இல்லை என்று சொல்ல மாட்டேன்.

மூன்று ஸ்தாயியிலும் சுலபமாகப் போய் வரும் குரல் இருந்தது. சில கச்சேரிகளில் அந்தச் சுலபமே முன்னால் வந்து நிற்கும். ஒரு சங்கதியை உரக்கச் சொல்லி அடுத்ததைக் காதோடு சொல்வது போலப் பாடுவார். இதை முதலில் கேட்டபோது எனக்கும் ஒட்டவில்லை. கச்சேரி என்றால் குரல் ஒரே கனத்தில் ஓட வேண்டும் என்று பழகிய காது என்னுடையது. பிறகு அதே பதிவை வார்த்தையோடு சேர்த்துக் கேட்டேன். மெதுவாகும் இடங்கள் பெரும்பாலும் கெஞ்சும் இடங்களாக, அல்லது இறைவனின் பெயர் வரும் இடங்களாக இருந்தன. எல்லா இடத்துக்கும் இது பொருந்தாது. பொருந்துகிற இடங்கள் போதுமான அளவு இருக்கின்றன.

சொந்த உருப்படிகளைப் பாடுவதைப் பற்றி: சொல்லும் மெட்டும் தானே அமைக்கும் வாக்கேயக்காரர் தன் பாட்டைப் பாடாமல் வேறு யார் பாடுவார்கள்? தெலுங்கிலும் சமஸ்கிருதத்திலும் தமிழிலும் இயற்றியவர் அவர். அவருடைய தில்லானாக்கள் இன்று பரதநாட்டிய மேடையில் சாதாரணமாக ஒலிக்கின்றன. அவர் பாடிப் பாடித்தான் அவை பரவின. ஆனாலும் அவர் பாடிய தியாகராஜ பஞ்சரத்ன கீர்த்தனைகளைக் கேட்டுவிட்டு, அதே அக்கறையோடு தோடியும் பைரவியும் சங்கராபரணமும் இன்னும் நிறையப் பதிவாகியிருக்கக் கூடாதா என்று எனக்கு ஏக்கம் வருவது உண்மை.

என்னென்ன விருதுகள்?

பத்மஸ்ரீ 1971. சங்கீத நாடக அகாடமி விருது 1975. மியூசிக் அகாடமியின் சங்கீத கலாநிதி 1978. பத்ம விபூஷண் 1991. பிரெஞ்சு அரசின் செவாலியே விருது 2005.

அவரிடம் கற்றவர்கள் யார்?

திருவிதாங்கூர் அரச குடும்பத்து ராம வர்மா, டி.வி. மோகனகிருஷ்ணா போன்றோர் அவர் பாணியை மேடையில் தொடர்கிறார்கள். கமல்ஹாசனும் அவரிடம் பாட்டு கற்றிருக்கிறார்.

என் பிள்ளை கீதம், ஜதிஸ்வரம் முடித்துவிட்டாள். அவருடைய உருப்படிகளில் எதை முதலில் கற்கலாம்?

கதனகுதூகலத் தில்லானாவைக் கேட்டுவிட்டு "அதைச் சொல்லிக் கொடுங்கள்" என்று பெற்றோர் வருகிறார்கள். இப்போது வேண்டாம். அந்த ராகத்தின் ஆரோகணம் ச ரி ம த நி க ப ச. நிஷாதத்திலிருந்து காந்தாரத்துக்கு ஒரே தாவு, அங்கிருந்து பஞ்சமம், பிறகு மேல் ஷட்ஜம். பிஞ்சுக் குரல் அந்தத் தாவல்களைப் பிடிப்பதற்காகக் கத்தத் தொடங்கிவிடும், கத்தல் பழக்கமாகிவிட்டால் திருத்துவது கஷ்டம்.

கம்பீரநாட்டையில் அவர் இயற்றிய "அம்மா ஆனந்ததாயினி" என்ற பதவர்ணத்தை எடுத்துக்கொள்ளுங்கள். ச க ம ப நி என்று ஐந்தே ஸ்வரம், நேரான ஏற்றம், நேரான இறக்கம். பாட்டுக்கு முன்னால் ஒரு வாரம் ஆரோகண அவரோகணத்தை மட்டும் மூன்று காலத்தில் (வேகத்தில்) 'ஆ' என்று அகாரமாகப் பாடட்டும். அவர் பாடிய பதிவைத் தினமும் ஒரு முறை கேட்கட்டும், ஆனால் சேர்ந்து பாட வேண்டாம். சிட்டைஸ்வரங்களை ஸ்வரமாகவே முதலில் பாடம் செய்து, தாளம் கையில் நின்ற பிறகு சாகித்யத்துக்கு, அதாவது பாட்டின் சொற்களுக்கு, வாருங்கள். காந்தாரத்தை அசைக்காமல் நிறுத்துகிறாளா என்று மட்டும் பக்கத்தில் உட்கார்ந்து கவனியுங்கள்.